கிரிகல்பொத்தயும் தொட்டுபொலயும் ஒரே நாளில்: ஹோர்ட்டன் சமவெளியில் வழிகாட்டியோடு மலையேறுவது எப்படி

இலங்கையின் இரண்டாவது உயரமான சிகரமும் மூன்றாவது உயரமான சிகரமும் ஹோர்ட்டன் சமவெளித் தேசியப் பூங்காவுக்குள்ளேயே இருக்கின்றன. கிரிகல்பொத்த 2,388 மீற்றர், தொட்டுபொல 2,357 மீற்றர். முதலிடத்தில் உள்ள பீதுருதாலகால பாதுகாப்பு வலயம் என்பதால், அங்கே நினைத்தபடி காட்டுவழியாக நடந்து ஏற முடியாது. ஆகவே பொதுமக்கள் காலால் ஏறிப் போகக்கூடிய ஆக உயர்ந்த இடம் கிரிகல்பொத்ததான்.

இதுவரை ஏழு தடவை போயிருக்கிறேன். ஒவ்வொரு தடவையும் புதிதாக வருகிற இரண்டு மூன்று பேர் கூட இருந்தார்கள். ஏற முடியாமல் திரும்பியவர்களை நான் கண்டதில்லை. நேரம் போதாமல் திரும்பியவர்களைத்தான் கண்டிருக்கிறேன். கீழே உள்ள படிகள் பெரும்பாலும் நேரத்தைப் பற்றியவையாக இருப்பதற்குக் காரணம் அதுதான்.

## 1. தூரத்தைப் பாருங்கள், உயரத்தை அல்ல

நடை தொடங்கும் இடம், பூங்காவின் பார்வையாளர் மையம் இருக்கும் ஃபார் இன். அதுவே ஏறக்குறைய 2,100 மீற்றர் உயரத்தில் இருக்கிறது. உச்சிக்கும் அதற்கும் இடையில் 300 மீற்றர்கூட இல்லை. இதைப் பார்த்துவிட்டு “இது என்ன, கோயில் படி ஏறுவது மாதிரி” என்று நினைப்பதுதான் எல்லாரும் செய்கிற முதல் பிழை.

கிரிகல்பொத்தவுக்கு ஒரு வழித் தூரம் ஏறத்தாழ 7 கிலோமீற்றர், போய்வர 14. அந்தப் பாதை நேராக ஏறுவதில்லை. ஒரு மேட்டில் ஏறி, சதுப்பில் இறங்கி, காட்டுக்குள் நுழைந்து, புல்வெளிக்கு வந்து, திரும்ப ஏறுகிறது. சேற்றில் மணிக்கு 2 கிலோமீற்றர் நடந்தாலே நல்ல வேகம். தொட்டுபொல ஒரு வழி 2 கிலோமீற்றர்தான், ஆனால் செங்குத்து அதிகம்.

இரண்டும் சேர்ந்தால் 18 கிலோமீற்றர். பூங்கா காலை 6 மணிக்குத் திறந்து மாலை 6 மணிக்கு மூடுகிறது. கணக்கு சரியாக வருகிறது. ஆனால் இடையில் ‘உலக முடிவு’ என்னும் செங்குத்துப் பாறை விளிம்புவரை போய்வரும் சுற்றையும் செருகலாம் என்று யாராவது சொன்னால் அங்கேயே நிறுத்துங்கள். அது இன்னும் 9 கிலோமீற்றர். அதற்கு வேறொரு நாள் வாருங்கள்.

## 2. மாதத்தையும் கிழமையையும் தெரிவுசெய்யுங்கள்

ஜனவரி முதல் மார்ச் வரை நல்ல காலம். விடியற்காலையில் புல்லின்மேல் உறைபனி வெள்ளையாகக் கிடக்கும், கை விறைக்கும். ஆனால் வானம் திறந்திருக்கும், சேறும் குறைவு. ஏப்ரலில் பிற்பகல் இடிமழை தொடங்கிவிடும். அத்தோடு நுவரெலியா வசந்தகாலக் கூட்டமும் சேரும். மே முதல் செப்டெம்பர் வரை தென்மேற்குப் பருவக்காற்று இந்த மேட்டை நேராக அறையும். அந்த மாதங்களில் முதல்முறை வருகிறவர்களை நான் கூட்டிப்போவதில்லை.

சனி, ஞாயிறு, போயா (பௌர்ணமி விடுமுறை) நாட்களைத் தவிருங்கள். மலைப்பாதையில் நெரிசல் இருக்காது. டிக்கட் வரிசையிலும் வாகனத் தரிப்பிடத்திலும்தான் முக்கால் மணி போய்விடும்.

## 3. வழிகாட்டியை முன்கூட்டியே பேசி வையுங்கள்

இந்தப் படியில்தான் அதிகம் பேர் தடுக்குகிறார்கள், கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன்.

உலக முடிவுப் பாதையில் வழிகாட்டி இல்லாமலே போகலாம். அகலமான பாதை, ஆட்கள் நடமாட்டம், பலகைகள் எல்லாம் உண்டு. கிரிகல்பொத்த அப்படியல்ல. புல்வெளியில் மரைகள் (பெரிய மான்கள்) நடந்து நடந்து போட்ட தடம் எது, மனிதர் போகிற பாதை எது என்று பிரித்தறிவது கஷ்டம். பனிமூட்டம் இறங்கினால் இருபது மீற்றருக்கு அப்பால் ஒன்றும் தெரியாது. என் இரண்டாவது பயணத்தில் வழிகாட்டியை முந்திக்கொண்டு போன நண்பர் ஒருவர் மரைத் தடத்தைப் பிடித்துப் பத்தைக்குள் போய்விட்டார். அவரைக் கூவிக் கூவித் தேடிப் பிடிக்க நாற்பது நிமிடம். அன்றைக்கு உச்சியும் இல்லை.

அன்று காலையில் போய் ஃபார் இன்னில் ஆளைப் பிடிக்கலாம் என்று நினைக்காதீர்கள். அந்த நேரத்தில் அங்கே நிற்கிறவர்கள் உலக முடிவுக்குப் போகிற கூட்டத்தோடு போய்விடுவார்கள். மூன்று மணி நேரத்தில் முடிகிற வேலையை விட்டுவிட்டு ஆறு ஏழு மணி நேரம் சேற்றில் நடக்க யாருக்கு மனம் வரும்? ஒரு வாரத்துக்கு முன்பே பூங்கா அலுவலகத்திலோ நீங்கள் தங்கப்போகும் விடுதியிலோ கேட்டு ஒழுங்கு செய்யுங்கள்.

பேசும்போது கேட்க வேண்டியவை நான்கு. முதலாவது, “கடைசியாக எப்போது கிரிகல்பொத்த உச்சிவரை போனீர்கள்?” இதற்குத் தடுமாறினால் வேறு ஆளைப் பாருங்கள். சமவெளியை நன்றாகத் தெரிந்த பலர் இந்தப் பாதையில் வருடக்கணக்காகக் கால் வைத்திருக்கமாட்டார்கள். மழைக்காலத்துக்குப் பிறகு மரம் விழுந்தும் மூங்கில் மூடியும் பாதை மாறிவிடுவதால், அண்மையில் போனவர்தான் வேண்டும். இரண்டாவது, கூலி முழு நாளுக்கா, ஒரு சிகரத்துக்கா? தொட்டுபொலவும் அதில் அடக்கமா என்று வாய்விட்டுக் கேளுங்கள். பிற்பகலில் களைத்துப்போய் நிற்கும்போது பேரம் பேசுவது இரண்டு பக்கத்துக்கும் சங்கடம். மூன்றாவது, ஒருவர் எத்தனை பேரைக் கூட்டிப்போவார்? ஐந்து ஆறு பேருக்கு மேல் என்றால் இன்னொருவரையும் கேளுங்கள். நான்காவது, எத்தனை மணிக்குத் திரும்பச் சொல்வார்? நேரத்தைத் தானாகவே சொல்கிற வழிகாட்டி நல்ல வழிகாட்டி. “பார்த்துக்கொள்ளலாம் ஐயா” என்கிறவரோடு எனக்கு நம்பிக்கை வருவதில்லை.

வழிகாட்டிகளில் அநேகர் சிங்களத்தில்தான் கதைப்பார்கள். தமிழ்நாட்டிலிருந்து வருகிறவர்கள் மூன்று சொல்லைப் பாடமாக்கி வைத்தால் போதும்: ‘ஹெமின்’ என்றால் மெதுவாக, ‘நவத்தன்ன’ என்றால் நிறுத்துங்கள், ‘வத்துர’ என்றால் தண்ணீர். வரிசையின் கடைசி ஆள் வாயில் ‘ஹெமின்’ இருப்பது மிக முக்கியம்.

## 4. முதல் நாள் இரவு அருகில் தங்குங்கள்

ரயிலில் அன்றே வந்து அன்றே ஏறுவது நடக்காது. பட்டிபொல, ஓஹிய இரண்டு நிலையங்களிலிருந்தும் ஃபார் இன் ஏறக்குறைய 10 கிலோமீற்றர், அதுவும் ஏற்றம். பகல் ரயிலில் இறங்கி வாகனம் பிடித்து வந்து சேரும்போது மேகமும் வந்துவிடும். மழைக்குப் பிறகு மண்சரிவால் மலையகப் பாதையில் ரயில் நின்றுபோவதும் உண்டு. வெளிக்கிடுமுன் அதையும் விசாரியுங்கள்.

நுவரெலியாவில் தங்கினால் பூங்கா 32 கிலோமீற்றர். 4.30க்கு வாடகை வான் (வேன்) புறப்பட வேண்டும். பட்டிபொலவிலோ ஓஹியவிலோ தங்கினால் ஒரு மணி நேரம் கூடுதலாகத் தூங்கலாம், அதனால் எனக்கு அதுதான் பிடிக்கும். வானை முதல் நாள் மாலையே உறுதிசெய்து, சாரதியிடம் “நான்கரை என்றால் நான்கரை” என்று சொல்லி வையுங்கள். திரும்பும் பயணத்துக்கும் அதே வானைப் பேசுங்கள். மாலையில் பூங்காவுக்குள் வாகனம் தேடுவது வீண் வேலை.

## 5. பை: குறைவாக, ஆனால் சரியானதாக

சப்பாத்தின் அடி பல் பல்லாக இருக்க வேண்டும். ஓடுவதற்கான தட்டையான அடி இந்தக் கறுப்புச் சேற்றில் சோப்புக்கட்டி மாதிரி வழுக்கும். புதுச் சப்பாத்தை அன்றைக்கே முதல்முறை போடாதீர்கள். போகுமுன் அடியில் ஒட்டிய பழைய மண்ணைக் கழுவுங்கள், ஏனெனில் வெளியூர்க் களைவிதைகள் இந்தப் புல்வெளிக்குள் வருவதே பெரிய தலைவலியாக இருக்கிறது.

மேலுக்கு மெல்லிய உடுப்பு, அதன்மேல் கம்பளி, அதற்கும் மேல் காற்றையும் மழையையும் தடுக்கும் ஒரு சட்டை என மூன்று அடுக்கு. தடித்த ஒரே ஜம்பர் போட்டு வருகிறவர்கள் அரை மணியில் வியர்த்துவிடுவார்கள். பிறகு உச்சியில் காற்றுப் பட்டதும் அந்த ஈரமே குளிராக மாறும். ஜீன்ஸ் வேண்டாம், நனைந்தால் காயாது.

மழை இல்லாவிட்டாலும் மழைக் காற்சட்டை கொண்டுவாருங்கள். பாதையின் இரண்டு பக்கமும் இடுப்பளவு குட்டை மூங்கில் சாய்ந்து நிற்கும். அதிலுள்ள பனித்துளியே முதல் ஒரு மணி நேரத்தில் உங்களைத் தொடைவரை நனைத்துவிடும்.

தண்ணீர் ஆளுக்கு இரண்டு லீற்றர், உலோகப் போத்தலில். மதியச் சாப்பாடு ரொட்டியும் கட்டைச் சம்பலும், அல்லது பாணும் முட்டையும், டப்பாவிலோ வாழையிலையிலோ. தொப்பி, சூரியக் களிம்பு, டோர்ச், ஒரு சோடி மாற்றுக் காலுறை. குளிர்கிறதே என்று களிம்பு பூசாமல் வந்தவர்களின் மூக்குத் தோல் மறுநாள் உரிந்ததை நான் பார்த்திருக்கிறேன்.

பாதையின் வரைபடத்தைக் கைபேசியில் இறக்கி வைத்துவிட்டு விமானப் பயண நிலையில் போடுங்கள். சிக்னல் தேடித் தேடியே பற்றரி செத்துவிடும்.

## 6. வாசலில் அவசரப்படாதீர்கள்

இலங்கையர் தேசிய அடையாள அட்டையும் மற்றவர்கள் கடவுச்சீட்டும் கையில் வைத்திருங்கள். வெளிநாட்டவருக்குக் கட்டணம் பல மடங்கு. தலைக்கு இவ்வளவு என்று எழுதியிருக்கும் தொகையோடு சேவைக் கட்டணம், வாகனக் கட்டணம், வரி எல்லாம் சேரும். கையில் எடுத்த தொகை போதாமல் கவுண்டரில் முழிப்பது வழக்கமான காட்சி, கொஞ்சம் கூடவே கொண்டுபோங்கள்.

நடை தொடங்கும் இடத்தில் பையைத் திறந்து பார்ப்பார்கள். பொலித்தீன் பை, பிஸ்கட் உறை எல்லாவற்றையும் எடுத்துவிடுவார்கள். பத்துப் பேரின் பையை அங்கே அவிழ்த்துக் கட்டினால் இருபது நிமிடம் காலி. முதல் நாள் இரவே எல்லாவற்றையும் கடதாசியிலும் டப்பாவிலும் மாற்றி வையுங்கள். பிளாஸ்டிக்கை மரை தின்றுவிடும் என்பதுதான் இந்தச் சோதனைக்குக் காரணம். வாகனத் தரிப்பிடத்தில் மரைகள் கிட்டவே வந்து நிற்கும். அழகாகத்தான் இருக்கும், ஆனால் ஒரு துண்டுப் பாண்கூடக் கொடுக்காதீர்கள்.

அலுவலகத்தில் கேட்க வேண்டியவை இரண்டு: கிரிகல்பொத்தப் பாதை இன்று திறந்திருக்கிறதா, தொட்டுபொலவுக்குப் பிற்பகலில் எத்தனை மணிவரை விடுவார்கள்? மாலைத் திட்டம் இரண்டாவது பதிலில்தான் தங்கியிருக்கிறது.

கழிவறை ஃபார் இன்னில்தான். பிறகு கிடையாது.

## 7. முதலில் கிரிகல்பொத்த

பட்டிபொலப் பக்கமாக வந்தால் தொட்டுபொல வழியிலேயே இருக்கும். “கிட்டத்தானே, முதலில் அதை முடித்துவிடுவோம்” என்று தோன்றும். செய்யாதீர்கள். காலை 6 முதல் 10 வரை உள்ள தெளிவான வானம்தான் அன்றைய மூலதனம். அதை நீண்ட பாதையில் செலவழியுங்கள். குட்டையான தொட்டுபொலவை மேகத்துக்குள்ளும் ஏறலாம். கிரிகல்பொத்தயின் புல்வெளிகளை மேகத்துக்குள் கடப்பதுதான் ஆபத்து.

6.30க்கு ஃபார் இன்னிலிருந்து காலெடுத்தால் நல்லது. வழிகாட்டி முன்னால், பழகிய ஆள் கடைசியில், புதியவர்கள் நடுவில். மெதுவாக நடக்கிறவரை வழிகாட்டிக்கு அடுத்ததாக விடுங்கள். அவரைக் கடைசியில் விட்டால் மற்றவர்கள் நின்று ஓய்வெடுத்து அவர் வந்து சேர்ந்ததும் கிளம்புவார்கள், அவருக்கு மட்டும் ஓய்வே கிடைக்காது.

முதல் அரை மணி வேண்டுமென்றே மெதுவாகப் போங்கள். கொழும்பிலிருந்தோ சென்னையிலிருந்தோ நேற்று வந்த உடம்புக்கு இந்த உயரத்தில் மூச்சு வாங்கும். பேசிக்கொண்டே நடக்க முடிகிற வேகம்தான் சரியான வேகம்.

பிறகு புல்வெளியும் குட்டை மரக்காடும் மாறி மாறி வரும். இங்கே ஒரு பழக்கத்தைத் தொடங்குங்கள்: ஒவ்வொரு முறை காட்டுக்குள் நுழையும்போதும், காட்டிலிருந்து புல்வெளிக்கு வரும்போதும் ஒரு கணம் திரும்பிப் பாருங்கள். திரும்பி வரும்போது நீங்கள் பார்க்கப்போவது அந்தத் திசையைத்தான். சிவப்புப் பூப்பூக்கும் மகா ரத்மல் மரம், பிளந்த பாறை, ஓடை வளைவு என்று ஓர் அடையாளத்தை மனதில் பதியுங்கள், வேண்டுமானால் ஒரு படம் எடுங்கள். வழிகாட்டி இருக்கும்போது இது எதற்கு என்று கேட்பார்கள். ஒருவர் பின்தங்கினால் வழிகாட்டி அவர் பக்கத்தில் இருக்கமாட்டார், அதற்குத்தான்.

சதுப்பு வந்தால் ஓரமாகச் சுற்றிப் போகாமல் நடுவில், வழிகாட்டி கால் வைத்த இடத்திலேயே கால் வையுங்கள். சப்பாத்து நனையும், நனையட்டும். சுற்றிப்போனால் பாதை அகலமாகிப் புல் சாகும். ஓரத்துச் சேறு நடுவைவிட ஆழமாகவும் இருக்கும்.

காட்டுக்குள் வேர்களில் கால் வைக்காதீர்கள், பாசி வழுக்கும். இரண்டு வேருக்கு இடையில் வையுங்கள். ஊதா நிறத்தில் பூக்கும் செடிகளைக் கண்டால் அது நெலு, நம் நீலக்குறிஞ்சியின் இனம். பல வருடங்களுக்கு ஒருமுறைதான் கூட்டமாகப் பூக்கும், பறிக்காதீர்கள். கருமந்தியின் குரல் திடீரென்று கிளம்பினால் பயப்பட வேண்டாம். சிறுத்தையும் இந்தக் காட்டில் உண்டு. தனியாகப் போகாமல் சேர்ந்து நடக்கச் சொல்வதற்கு அதுவும் ஒரு காரணம். ஆனால் அதைக் காணும் அதிர்ஷ்டம் எனக்கு இன்னும் வாய்க்கவில்லை.

மணிக்கு ஒருமுறை ஐந்து நிமிடம் நில்லுங்கள். நின்றவுடன் மேல்சட்டையைப் போடுங்கள், கிளம்பும்போது கழற்றுங்கள். சோம்பல்பட்டு இதைச் செய்யாதவர்தான் பிறகு பல் கிட்ட நிற்பார்.

கடைசிப் பகுதி கற்களும் செங்குத்துமாக இருக்கும். கை பிடித்து ஏற வேண்டிய இடங்களில் ஊன்றுகோலை மடித்துப் பையில் போடுங்கள். உச்சி இதுதான் என்று நினைத்து ஏறிய மேட்டுக்குப் பின்னால் இன்னொரு மேடு தெரியும். சலித்துக்கொள்ள வேண்டாம், எல்லாருக்கும் அப்படித்தான். வானம் திறந்திருந்தால் மேற்கே கூம்பாகச் சிவனொளிபாதமலை தெரியும்.

## 8. திரும்பும் நேரத்தை மலையடியில் வைத்தே முடிவுசெய்யுங்கள்

எங்கள் குழுவில் அது 10.30. உச்சிக்கு இருபது நிமிடம்தான் மிச்சம் என்றாலும் 10.30க்குத் திரும்புவோம். இதை ஃபார் இன்னிலேயே எல்லார் முன்னாலும் சொல்லி ஒப்புக்கொள்ளச் செய்ய வேண்டும். மேலே போன பிறகு கேட்டால் யாரும் திரும்பச் சம்மதிக்கமாட்டார்கள்.

பத்து மணிக்குப் பிறகு மேகம் ஏறுவது இங்கே அன்றாட வழக்கம். இடி கேட்டால் நேரத்தைப் பார்க்காதீர்கள். புல்வெளியில் ஆக உயரமான பொருள் நீங்கள்தான். உடனே இறங்குங்கள்.

உச்சியில் அரை மணிக்கு மேல் இருக்காதீர்கள். சாப்பாட்டைக் காற்றுப்படாமல் கொஞ்சம் கீழே இறங்கிக் காட்டு ஓரத்தில் வைத்துக்கொள்வது நல்லது. வாழையிலையையும் முட்டை ஓட்டையும்கூடப் பைக்குள்ளேயே திரும்பக் கொண்டுவாருங்கள்.

## 9. இறக்கத்தில்தான் விழுவார்கள்

நான் கண்ட சுளுக்குகள் எல்லாமே திரும்பி வரும்போது நடந்தவை. வேலை முடிந்தது என்ற எண்ணம், களைத்த கால், கைபேசியில் படம் பார்த்துக்கொண்டே நடப்பது, எல்லாம் சேர்ந்துவிடும். அடி சிறிதாக வையுங்கள், முழங்கால் கொஞ்சம் மடங்கியே இருக்கட்டும்.

பனிமூட்டம் மூடினால் இடைவெளியைக் குறையுங்கள். முன்னால் போகிறவரின் முதுகு தெரிய வேண்டும். தெரியாவிட்டால் நின்று கூப்பிடுங்கள், தேடிக்கொண்டு நடக்காதீர்கள்.

## 10. தொட்டுபொல: போகலாமா வேண்டாமா?

ஃபார் இன்னுக்கு 1.30 போல வந்து சேர்ந்தால், காலுறை மாற்றி, ஒரு தேநீர் குடித்து, வானில் ஏறிப் பட்டிபொலப் பக்கம் வீதியோரத்தில் இறங்கலாம். அங்கிருந்து மேலே ஒரு மணி நேரம், கீழே முக்கால் மணி.

ஆனால் 2.30 தாண்டியிருந்தால், மழை பிடித்திருந்தால், குழுவில் ஒருவருக்காவது முழங்கால் வலித்தால் விட்டுவிடுங்கள். “ஒருவர் வானில் இருக்கட்டும், மற்றவர்கள் போய்வரலாம்” என்று பிரிவதில் எனக்கு உடன்பாடில்லை, ஏனெனில் அந்த ஒருவர் குளிரில் இரண்டு மணி நேரம் உட்கார்ந்திருப்பார்.

பாதை பெரும்பாலும் காட்டுக்குள். மேலே போகும்வரை காட்சி என்று சொல்ல ஒன்றும் பெரிதாக இல்லை, உச்சியை நெருங்கும்போதுதான் மரங்கள் குட்டையாகித் திறக்கும். கிரிகல்பொத்தயோடு ஒப்பிட்டு ஏமாற வேண்டாம். தூரம் குறைவு என்று வேகமாக ஏறி நடுவில் மூச்சடைத்து உட்காருவதுதான் இங்கே வழக்கமான பிழை. காலையில் 14 கிலோமீற்றர் நடந்த கால் இது என்பதை மறந்துவிடுகிறார்கள். இறங்கும்போது ஈர இலைகள் வழுக்கும், பக்கவாட்டில் கால் வைத்து இறங்குங்கள்.

## 11. ஐந்தரைக்குள் வெளியே வந்துவிடுங்கள்

வழிகாட்டியின் பணத்தை வான் கிளம்புமுன், பேசியபடி, கையில் கொடுங்கள். கடைசிவரை வந்தார் என்றால் நான் கொஞ்சம் கூட்டியே கொடுப்பேன். அடுத்த தடவை கூப்பிடுவதற்கு அவருடைய எண்ணையும் வாங்கி வைப்பேன்.

ஆறு மணிக்கு வாசல் மூடும். வெளிச்சம் மங்கும் நேரத்தில் மரைகள் வீதியைக் கடக்கத் தொடங்கும், அந்தப் பனிமூட்டத்தில் அவை வாகன வெளிச்சத்துக்குள் வந்த பிறகுதான் தெரியும். சாரதிக்கும் வீடு போகிற அவசரம் இருக்கும். முன்னிருக்கையில் தூங்காத ஒருவரை உட்காரவைத்து, பட்டிபொல வரும்வரை அவரோடு கதைத்துக்கொண்டே வரச் சொல்லுங்கள்.